புதிய ஹீட்டர் பாதிச் செலவை மிச்சப்படுத்துமா?

கணக்கன்:
பழைய மின் ஹீட்டரைக் கழற்றிவிட்டுத் திறன்மிகு ஹீட்டரை மாட்டினால் வெந்நீருக்கான மின்செலவு பாதியாகக் குறையும் என்று வெந்நீர்ப்பிரியன் நேற்று அடித்துச் சொல்லியிருந்தார். படித்ததிலிருந்து எனக்கு எரிச்சல் அடங்கவில்லை. ஒரு லிட்டர் நீரை ஒரு டிகிரி செல்சியஸ் சூடாக்க ஏறத்தாழ 1.163 வாட்-மணி ஆற்றல் வேண்டும். 1,000 வாட்-மணி ஒரு யூனிட் என்பதால், 100 லிட்டரை 40 டிகிரி உயர்த்த 4.65 யூனிட். தொட்டி பழையதோ புதியதோ, நீரைச் சூடாக்கும் மின்சுருளான காயில், தான் இழுக்கும் மின்சாரத்தை ஏறக்குறைய முழுவதுமாக நீருக்கு வெப்பமாகக் கொடுத்துவிடுகிறது. மிச்சம் பிடிக்க இடமிருப்பது தொட்டிச் சுவர் வழியே கசியும் வெப்பத்தில் மட்டுமே. அது நாளொன்றுக்கு 1.2 யூனிட் என்று கொண்டு, புதிய தொட்டியில் கசிவே இல்லை என்று கற்பனை செய்தாலும், 5.85 யூனிட்டில் ஐந்தில் ஒரு பங்குதான் குறையும். பாதி எங்கிருந்து வந்தது?

வெந்நீர்ப்பிரியன்:
கசிவை 1.2 என்று நீங்கள் வைத்துக்கொள்ளலாம், நான் 2 என்று வைத்துக்கொள்ளக் கூடாதா? பெரிய தொட்டியை வைத்துக்கொண்டு நாளைக்கு 30 லிட்டர் மட்டுமே செலவழிக்கும் வீட்டில் சூடாக்க 1.4 யூனிட்தான் ஆகும். வெப்பக்காப்பு உதிர்ந்துபோன தொட்டியில் 24 மணி நேரக் கசிவு 2 யூனிட், புதியதில் 0.3 என்றால், 3.4 என்பது 1.7 ஆகிறது. சரிபாதி. நூறு லிட்டர் கணக்கைக் காட்டி மிரட்ட வேண்டாம்.

கணக்கன்:
அந்த 24 மணி நேரத்தைத்தான் கேட்கிறேன். ஹீட்டரின் அட்டையில் அச்சிட்டிருக்கும் 24 மணி நேர இழப்பு, வெப்பநிலையைக் கட்டுப்படுத்தும் தெர்மோஸ்டாட் நாள் முழுவதும் நீரைச் சூடாகவே வைத்திருக்கும் நிலையில் அளந்தது. தாங்களோ காலையில் ஒரு மணி நேரம் மட்டுமே சுவிட்ச் போடுவதாக, ‘என் சிக்கனம்’ என்று பெருமையடித்து எழுதியவர். ஒரு மணி நேரச் சுவிட்சுக்கு 24 மணி நேரக் கசிவா?

வெந்நீர்ப்பிரியன்:
சுவிட்சைக் கேட்டுக்கொண்டா வெப்பம் கசிகிறது? அணைத்த பிறகும் தொட்டியில் மிஞ்சிய சூடு வெளியேறிக்கொண்டுதான் இருக்கும். மறுநாள் அதை மீண்டும் ஈடுகட்ட வேண்டும். கணக்கன் என்று பெயர் வைத்துக்கொண்டவருக்கு இது தெரியாதது வியப்பளிக்கிறது.

கணக்கன்:
பெயரை இழுக்க வேண்டாம். நீர் ஆற ஆற உள்ளுக்கும் வெளிக்குமான வெப்பநிலை வேறுபாடு குறையும், கசிவும் குறையும். தாங்கள் வெந்நீரை வழித்தெடுத்துவிட்டால் உள்ளே புகுவது குளிர்ந்த நீர். அதிலிருந்து எந்தச் சூடு கசியும்? எனவே மீண்டும் கேட்கிறேன்: 24 மணி நேரம் எப்படி வந்தது?

நடுவர்மணி:
இருவரும் காயில் ஹீட்டரையே சுற்றிச் சுற்றி வருகிறீர்கள். ஹீட் பம்ப் வகை காற்றிலுள்ள வெப்பத்தை எடுத்து நீருக்கு மாற்றுவதால், சாதகமான சூழலில் ஒரு யூனிட் மின்சாரத்துக்கு ஏறத்தாழ மூன்று யூனிட் வெப்பம் கிடைக்கும். அதைத் ‘திறன்மிகு ஹீட்டர்’ என்றால் பாதிக்கு மேலேயே மிச்சமாகும். எந்த ஹீட்டரைப் பற்றிய சண்டை என்று முதலில் முடிவு செய்தால் நல்லது.

கணக்கன்:
காற்று குளிர்ந்தால் அந்த மூன்று இறங்கிவிடும் என்பதை நடுவர்மணி வசதியாக விட்டுவிட்டார். எல்.இ.டி. பல்பு விவாதத்திலும் இப்படித்தான் நடுவில் புகுந்து பேச்சைத் திருப்பினார், நான் மறக்கவில்லை. கேள்வி 24 மணி நேரத்தைப் பற்றியது.

நடுவர்மணி:
பல்பு விவாதத்தில் தசமப் புள்ளியைத் தவறவிட்டவர் யார் என்பதும் எனக்கு நினைவிருக்கிறது.

சூடுதணிப்பான்:
தெர்மோஸ்டாட்டை 50 டிகிரிக்கு இறக்கினால் செலவே இல்லாமல் கசிவு குறையுமே? புதிய ஹீட்டர் எதற்கு?

வெந்நீர்ப்பிரியன்:
தேங்கிய வெதுவெதுப்பான நீரில் லெஜியோனெல்லா பாக்டீரியா வளரும். 60 டிகிரியில் வைக்கச் சொல்வது அதனால்தான். சிக்கனம் பேசி நுரையீரலைக் கெடுத்துக்கொள்ள நான் தயாராக இல்லை.

கணக்கன்:
ஆக, 60 டிகிரியில், நாள் முழுவதும் சுவிட்ச் போட்டே வைத்திருக்கிறீர்களா? அப்படியானால் ‘என் சிக்கனம்’ என்று எழுதியது என்ன? இல்லையென்றால் 24 மணி நேரக் கணக்கு என்ன? இரண்டில் ஒன்றைச் சொல்லுங்கள்.

வெந்நீர்ப்பிரியன்:
என் வீட்டுச் சுவிட்ச் என் விருப்பம். பாதி என்று சொன்னேன், பாதிதான்.

கணக்கன்:
24 மணி நேரம் எங்கிருந்து வந்தது என்று இன்னும் பதில் வரவில்லை.