எக்செல் கணக்கு 44 காட்டுகிறது, 50 வர வேண்டும்

பேஸ்பால் பிளேஆஃப் (லீக் ஆட்டங்கள் முடிந்தபின் வரும் நாக்-அவுட் கட்டம்) வாய்ப்பைக் கணக்கிட எக்செல் 2016-ல் ஒரு ஷீட் போட்டேன். மிச்ச ஆட்டங்களை ரேண்டம் எண்களால் பல சுற்று ஆடிப் பார்க்கும் ஷீட் அது. மூன்று நாளாக ஒரே இடத்தில் நிற்கிறேன்.

சோதனைக்கு எடுத்தது 2024 செப்டம்பர் 30 காலை நிலவரம். மெட்ஸ், பிரேவ்ஸ் அணிகள் இரண்டும் 88-72 (வெற்றி-தோல்வி). அட்லாண்டாவில் அன்றே தங்களுக்குள் இரண்டு ஆட்டம் பாக்கி (புயல் மழையால் தள்ளிப்போனவை). டைமண்ட்பேக்ஸ் 89-73, எல்லாம் ஆடி முடித்தாயிற்று. பிளேஆஃபில் இந்த மூவருக்கும் மிச்சம் இரண்டே இடம். ஆளுக்கொன்று ஜெயித்தால் மூவரும் சமம், நேருக்கு நேர் கணக்கில் டைமண்ட்பேக்ஸ் வெளியே. ஒரே அணி இரண்டையும் ஜெயித்தால் அவர்கள் உள்ளே. ஒவ்வொரு ஆட்டமும் சரிபாதி வாய்ப்பு என்று வைத்தால், அவர்களுக்கு 50 சதவீதம். ஷீட்டோ 44 என்கிறது.

சுற்றுகளைப் பத்தாயிரமாக்கியும் பார்த்தாயிற்று, அதே 44. அப்புறம்தான் கவனித்தேன்: ஒரு சுற்றில் மெட்ஸும் தோல்வி, பிரேவ்ஸும் தோல்வி, அதுவும் ஒரே ஆட்டத்தில்!

ஒரு ஆட்டத்துக்கு ஒரே ரேண்டம் எண் வைத்து, அதை இரண்டு அணிகளின் வரிசைக்கும் எந்த ஃபார்முலாவால் இணைப்பது?