பாஸ்கெட்பால் மேட்ச்ல சைடுலைன் ரிப்போர்ட்டர் ஆகணும், கிருஷ்ணகிரில இருந்துகிட்டு இது நடக்குமா?

பாயிண்ட்கார்டு_7

எல்லாருக்கும் வணக்கம். வயசு 20, கிருஷ்ணகிரி பக்கத்துல கிராமத்துப் பொண்ணு, பி.ஏ இங்கிலீஷ் கடைசி வருஷம். ஏழாவதுல இருந்து பாஸ்கெட்பால் ஆடறேன், ஸ்கூல் டீம்ல பாயிண்ட் கார்டு (பால கொண்டுபோயி ஆட்டத்த நடத்தறவ), குடியரசு தின மேட்ச்ல மாவட்டத்துல ஜெயிச்சு ஒரு தடவ ஸ்டேட் வரைக்கும் போனோம். போன வருஷம் காலேஜ் மேட்ச்ல லே-அப் போட்டுட்டு எறங்கும்போது முட்டி திரும்பி உள்ள இருக்கற ஏசிஎல் தசைநார் கிழிஞ்சிருச்சு. ஆபரேஷன் ஆச்சு, இப்ப ஓடறேன், ஆனா சட்டுனு கட் பண்ணி திரும்பணும்னா காலுக்கு முன்னாடி மனசு நின்னுடுது.

படுக்கைல கெடந்த மாசத்துல தான் அமெரிக்கா பாஸ்கெட்பால் லீக் என்பிஏ பாக்க ஆரம்பிச்சேன், நமக்கு காலைல அஞ்சரைக்கு ஓடும், அப்பா மாங்கா மண்டிக்கு கெளம்பற நேரம். ஒரு நாள் ஒரு பிளேயர் திடீர்னு உள்ள போயிட்டாரு, கமெண்ட்ரில இருக்கறவங்க ரெண்டு பேரும் ஏதேதோ யூகம் பண்ணிட்டு இருக்காங்க, அப்ப கோர்ட்டு ஓரத்துல மைக்கோட ஒரு அம்மா வந்து, நான் டனல்ல பாத்தேன், வெரல்ல டேப் மாத்தறாங்க, கோச் கிட்ட கேட்டேன், அடுத்த குவார்ட்டர் வருவாராம்னு அரை நிமிஷத்துல சொல்லிட்டு போயிட்டாங்க. அவ்ளோ தான். எனக்கு அதுல இருந்து வேற எதுவும் ஓடல.

கேள்வி என்னன்னா, இதுக்கு பெரிய பிளேயரா இருந்திருக்கணுமா? என்ன படிக்கணும்? அப்பா சொல்றாரு டிவில நிக்கறதுக்கு செவப்பா இருக்கணும் பெரிய எடத்து புள்ளைங்களா இருக்கணும், நமக்கு எதுக்குன்னு. வயசு ஏறுனா தூக்கிடுவாங்கன்னும் சொல்றாங்க. தெரிஞ்சவங்க சொல்லுங்க ப்ளீஸ்.

ரிட்டயர்டு_பிடி

பாப்பா, நான் தர்மபுரி மாவட்டத்துல கவர்மெண்ட் ஸ்கூல்ல பி.டி. வாத்தியாரா இருந்து ரிட்டயர் ஆனவன். வலை இல்லாத ரிங்கு, மழை பேஞ்சா சேறு, அதுல தான் புள்ளைங்கள ஆட வெச்சேன்.

2017-ல பெங்களூரு கண்டீரவா ஸ்டேடியத்துல பெண்கள் பாஸ்கெட்பால் ஆசியக் கோப்பைல கீழ் பிரிவு, டிவிஷன் பி, நடந்துச்சு. பைனல் பாக்க பஸ் ஏறி போனேன். இந்தியா 75, கஜகஸ்தான் 73. ரெண்டே பாயிண்ட். தொண்டை கட்டிப்போச்சு எனக்கு. அந்த ஜெயிப்புல தான் நம்ம பொண்ணுங்க டிவிஷன் ஏ-வுக்கு ஏறுனாங்க. மறுநாள் ஊர்ல டீக்கடைல சொன்னா, அப்படியா சார், கிரிக்கெட்டுங்களான்னு கேக்கறான். சென்னைல பொறந்து இந்தியா டீமுக்கே கேப்டனா இருந்த அனிதா பால்துரைக்கு 2021-ல பத்மஸ்ரீ குடுத்தாங்க, அந்தப் பேரையே நம்ம பக்கம் எத்தன பேரு கேட்டிருப்பாங்க? ஆடறவங்க இருக்காங்க பாப்பா, அதைத் தமிழ்ல எடுத்துச் சொல்ல ஆள் தான் இல்ல.

அப்புறம் அப்பாகிட்ட சொல்லு, நாம அதியமான் ஊரு. எதிரி தொண்டைமான் ஆயுதக் கொட்டகைக்கே போயி நேர்ல பாத்து, அவன் மூஞ்சிக்கு நேரா பேசிட்டு வந்தது ஔவையார் தான்னு. பொம்பளைக்கு எதுக்குன்னு அந்தக் காலத்துலயே யாரும் கேக்கல.

ஃப்ளோர்_அக்கா

தங்கச்சி, நான் பாப்பிரெட்டிப்பட்டி பக்கம், சென்னைல ஸ்போர்ட்ஸ் லைவ்ல ஃப்ளோர் மேனேஜரா இருக்கேன், கபடி, வாலிபால், எப்பவாச்சும் பாஸ்கெட்பால். அதனால கேமராவுக்கு இந்தப் பக்கம் நடக்கறத சொல்றேன், கொஞ்சம் நீளமா போகும்.

நீ பாத்த அரை நிமிஷத்துக்குப் பின்னாடி ஒரு நாள் வேலை இருக்கு. காலைல டீம் லேசா ப்ராக்டீஸ் பண்ணும்போதே போயி நிக்கணும், யாரு காலை இழுத்து நடக்கறா, யாரு ஷூட்டிங்ல தனியா நிக்கறா, பிசியோ யாருகிட்ட ரொம்ப நேரம் உக்காந்திருக்காரு, எல்லாம் நோட்டு. மேட்சுக்கு முன்னாடி கோச் கிட்ட பேசணும். இப்படி பத்து பன்னெண்டு விஷயம் சேத்து வெச்சா மேட்ச்ல ரெண்டோ மூணோ தான் ஏறும், மீதி குப்பைக்கு. அதுக்கு வருத்தப்படறவங்களுக்கு இந்த வேலை ஒத்து வராது.

மேட்ச் ஓடும்போது காதுல இயர்பீஸ், அதுல ப்ரொட்யூசர் பேசிட்டே இருப்பாரு, கண்ணு பெஞ்சுல, கை நோட்டுல. உன் எடம் வந்ததும் அஞ்சு, நாலு, மூணுன்னு எண்ணுவாரு, நீ பேசிட்டு இருக்கும்போதே முடி முடின்னு காதுல கத்துவாரு, அப்பவும் உன் மூஞ்சில அது தெரியக் கூடாது. நடுவுல பால் உள்ள வந்துட்டா வாக்கியம் பாதில இருந்தாலும் விட்டுடணும். மொத மாசம் எல்லாருக்கும் தல சுத்தும். வூட்ல பயிற்சி வேணும்னா ஒரு காதுல ரேடியோ செய்தி ஓட விட்டுட்டு இன்னொரு ஆளுக்கு நேத்து மேட்ச் கதைய சொல்லிப் பாரு. சிரிப்பா இருக்கும், ஆனா அதான் பயிற்சி.

கேள்வி கேக்கறது தனி வித்தை. ஒரே கேள்வி, சின்னதா. ஆமா இல்லைன்னு முடிஞ்சுடற கேள்வி வேண்டாம், ரெண்டு கேள்விய ஒண்ணா கோத்து கேட்டா அவரு லேசானதுக்கு மட்டும் பதில் சொல்லிட்டு நடந்துடுவாரு. ஒரு கபடி மேட்ச்ல தோத்த கோச் கிட்ட புதுசா வந்த பொண்ணு, "இந்தத் தோல்விய எப்படி உணர்றீங்க சார்"ன்னு கேட்டுச்சு. அவரு அதோட மூஞ்சிய பாத்தாரு, ஒண்ணும் சொல்லாம போயிட்டாரு. லைவ்ல வெறும் சத்தம் ஓடுது, எனக்கு வயித்த கலக்குது. அதுவே "கடைசி அஞ்சு நிமிஷத்துல ரைடர ஏன் மாத்துனீங்க"ன்னு கேட்டிருந்தா அவரு கோவமாவாச்சும் பதில் சொல்லியிருப்பாரு. அமெரிக்கால 2025 வரைக்கும் கோச்சா இருந்த கிரெக் பாப்போவிச், அஞ்சு என்பிஏ கோப்பை ஜெயிச்சவரு, குவார்ட்டருக்கு நடுவுல மைக் நீட்டுனா ஒரே வார்த்தைல முடிச்சுட்டு நகந்துடுவாரு, பெரிய பெரிய ரிப்போர்ட்டரே அவருகிட்ட முழிச்சிருக்காங்க. கலர் கலரா கோட்டு போட்டுட்டு வர்ற கிரெய்க் சேகர் மட்டும் அசராம திரும்ப திரும்ப போயி கேப்பாரு. 2016-ல அவரு போயிட்டாரு பாவம்.

பிளேயரா இருந்திருக்கணுமான்னா, கட்டாயம் இல்ல. செரில் மில்லர் மாதிரி 1984 ஒலிம்பிக் தங்கம் வாங்கிட்டு மைக் புடிச்சவங்களும் உண்டு, மலிகா ஆண்ட்ரூஸ் மாதிரி பேப்பர்ல எழுதிட்டு இருந்து வந்தவங்களும் உண்டு. மலிகா 2020 கொரோனா டைம்ல ஆர்லாண்டோல டீம்கள எல்லாம் ஒரே எடத்துல அடைச்சு வெச்சு மேட்ச் நடத்துனாங்கல்ல, அங்கயே தங்கி ரிப்போர்ட் பண்ணாங்க, அப்ப 25 வயசு தான். ஆனா உன்னை மாதிரி பாயிண்ட் கார்டா இருந்தவங்களுக்கு ஒரு லாபம் இருக்கு, பால் எங்க இருக்குன்னு பாக்காம அடுத்து எங்க போகும்னு பாக்கற பழக்கம். அது காலேஜ்ல வராது.

படிப்புக்கு விஸ்காமோ ஜர்னலிசமோ பி.ஜி. பண்ணலாம், சேலம் பெரியார் யுனிவர்சிட்டிலயே இருக்கு, சென்னை தான் போகணும்னு இல்ல.

ஓரமா_நிக்கறவன்

எல்லாரும் நல்லதா சொல்றீங்க, நான் கொஞ்சம் கசப்பா சொல்றேன். சைடுலைன்ங்கறதே பொண்ணுங்கள ஓரத்துல நிக்க வைக்கறதுக்கு கண்டுபுடிச்ச எடம் சார். ஆட்டத்த பத்தி பேசறது ஆம்பளைங்க, உள்ள உக்காந்து. பொண்ணு வெளிய நின்னு மூணு கேள்வி. 2003 கிரிக்கெட் வேர்ல்ட் கப்ல டிவி ஆங்கரா மந்திரா பேடி வந்தப்ப அவங்க என்ன கேட்டாங்கன்னு ஒருத்தனும் பேசல, என்ன உடுத்தினாங்கன்னு தான் பேசினான். அப்புறம் 2023-ல அமெரிக்கால ஒரு ஃபேமஸ் டிவி பெண்மணி, கோச் வெளிய வரலைன்னா ஹாஃப் டைம் ரிப்போர்ட்ட நானே இட்டுக்கட்டி சொல்லியிருக்கேன்னு வாயாலயே சொல்லி மாட்டிகிட்டாங்க. அந்த ரிப்போர்ட்ட யாரும் கவனிக்கறதே இல்லைன்னு தானே அந்த தைரியம் வருது? இதுக்காக ஒரு பொண்ணு வாழ்க்கைய வைக்கணுமா?

ஃப்ளோர்_அக்கா

@ஓரமா_நிக்கறவன் தம்பி, பாதி ஒத்துக்கறேன். நம்ம ஊர் சேனல்ல அழகு பாத்து எடுக்கறது இல்லைன்னு சொன்னா எனக்கே சோறு எறங்காது. நானே பாத்திருக்கேன், ஆட்டம் நல்லா தெரிஞ்ச பொண்ண விட்டுட்டு வேற ஆளை எடுத்தாங்க.

ஆனா அந்த 2023 விஷயத்துல மொதல்ல கொதிச்சது யாரு? மத்த சைடுலைன் ரிப்போர்ட்டருங்க, பெரும்பாலும் பொண்ணுங்க. கால் கடுக்க நின்னு ஒவ்வொரு தகவலா சரிபாக்கறவங்களுக்குத் தான் வலிக்கும்.

டோரிஸ் பர்க் கதைய பாரு. ப்ராவிடன்ஸ் காலேஜ்ல பாயிண்ட் கார்டு (தங்கச்சி, உன் பொசிஷன் தான்). 1990-ல அதே காலேஜ் பொண்ணுங்க மேட்சுக்கு ரேடியோல பேச ஆரம்பிச்சாங்க. என்பிஏ பைனல்ஸ்லயே வருஷக் கணக்கா சைடுலைன்ல நின்னாங்க. 2017-ல தான் என்பிஏவுக்கு ரெகுலர் அனலிஸ்ட்டா, அதாவது ஆட்டத்த அலசிப் பேசறவங்களா, உள்ள நாற்காலி கெடைச்சது, அப்ப அவங்களுக்கு அம்பது தாண்டியாச்சு. 2024-ல பைனல்ஸ் டிவி கமெண்ட்ரி, அமெரிக்காவோட நாலு பெரிய ஆண்கள் லீக்ல எதுலயும் பைனலுக்கு டிவில அனலிஸ்ட்டா ஒரு பொண்ணு உக்காந்தது அது தான் முதல் தடவ. வயசானா தூக்கிடுவாங்கன்னு தங்கச்சி கேட்டுச்சுல்ல, அதுக்கு இது ஒரு பதில். முழு பதில் இல்ல, ஏன்னா 2025 பைனல்ஸ் முடிஞ்சதும் அந்த முதல் டீம்ல இருந்து அவங்கள மாத்திட்டாங்க. முப்பத்தஞ்சு வருஷம் கழிச்சும் நாற்காலி ஆடிட்டு தான் இருக்கு.

தம்பி சொல்ற ஓரம் நெஜம் தான். ஆனா பெஞ்சுல ஒரு பையன் அழறத உள்ள உக்காந்தவனால பாக்க முடியாது, ஓரத்துல நிக்கறவளால முடியும்.

மாங்கா_மண்டி

காசு பத்தி ஒருத்தரும் வாய தொறக்கலையே. மேட்ச் கணக்குக்கு தானே தருவாங்க? சீசன் முடிஞ்சா? எனக்கும் ரெண்டு பொண்ணு, அந்தப் புள்ளையோட அப்பாவ வில்லனாக்காதீங்க. ராத்திரி பத்து மணிக்கு மேட்ச் முடிஞ்சு எந்த பஸ்சுல வரும்னு தான் அவரு மனசுல ஓடும், செவப்பு கருப்புன்னு சொல்றதெல்லாம் மேலுக்கு.

ஃப்ளோர்_அக்கா

@மாங்கா_மண்டி அண்ணா சரியா கேட்டீங்க. மேட்ச் கணக்கு தான், பேமெண்ட் ரெண்டு மூணு மாசம் இழுக்கும், சீசன் இல்லாதப்ப கல்யாண ஆங்கரிங், கார்ப்பரேட் ஃபங்ஷன், டப்பிங்னு ஓட்டுவாங்க. இந்தியால பாஸ்கெட்பாலை மட்டும் நம்பி இப்போதைக்கு யாரும் சாப்பிட முடியாது, 2022-ல ஆரம்பிச்ச நம்ம நாட்டு பாஸ்கெட்பால் லீக் ஐஎன்பிஎல்ல சென்னை ஹீட்னு டீம் எல்லாம் வந்துச்சு, ஆனா வருஷம் பூரா மேட்ச் கெடையாது. அதனால கபடி, வாலிபால், கிரிக்கெட் மூணுக்கும் ரூல் தெரிஞ்சு வெச்சுக்கணும். பாவனா பாலகிருஷ்ணன் விஜய் டிவி ஷோ பண்ணிட்டு இருந்தவங்க தானே, ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் வந்தப்புறம் தமிழ்லயே ஒரு எடம் புடிச்சாங்க. தமிழ் பேசறது கொறை இல்ல தங்கச்சி, அது தான் உன் கைல இருக்கற சரக்கு.

பஸ் விஷயம், ப்ரொடக்‌ஷன்ல வண்டி குடுக்கணும்னு மொத நாளே கேட்டு வாங்கு. கேக்க கூச்சப்பட்டவங்க தான் கஷ்டப்பட்டிருக்காங்க.

ஓசூர்_லைவ்

நான் ஓசூர், லோக்கல் டோர்னமெண்ட் யூடியூப்ல லைவ் போடறேன். ரெண்டு கேமரா, ஒரு லேப்டாப், கமெண்ட்ரிக்கு என் ஃப்ரெண்டு, அவ்ளோ தான் எங்க சேனல். அடுத்த மாசம் ஒரு பெண்கள் டோர்னமெண்ட் இருக்கு. சைடுலைன்ல யாருமே இருந்ததில்ல இதுவரைக்கும். காசு தர முடியாது, சாப்பாடும் பஸ் சார்ஜும் தரேன், சாயந்திரம் ஆறுக்குள்ள முடிஞ்சுடும் (மண்டி அண்ணா கவனிக்கவும்). இன்பாக்ஸ் பண்ணு பாப்பா.

பாயிண்ட்கார்டு_7

அஞ்சு வாரம் கழிச்சு வரேன், மன்னிச்சுக்கோங்க. போனேன்! அப்பாவும் கூடவே வந்தாரு, கேலரில கடைசி வரிசைல துண்ட தலைல போட்டுட்டு உக்காந்திருந்தாரு.

மொத மேட்ச் சுத்தமா சொதப்பல். பேர மாத்தி சொன்னேன், ரெண்டு கேள்விய ஒண்ணா கேட்டேன், அக்கா சொன்ன மாதிரியே அந்த கோச் லேசானதுக்கு மட்டும் பதில் சொல்லிட்டு போயிட்டாரு. ரேடியோ பயிற்சி எல்லாம் செஞ்சிட்டு தான் போனேன், ஆனா அங்க விசில் சத்தத்துல காதுல என்ன சொல்றாங்கன்னே புரியல.

ரெண்டாவது மேட்ச்ல ஒண்ணு நடந்துச்சு. ஒரு டீம்ல 11-ம் நம்பர் பொண்ணு தான் நல்லா ஆடுது, மூணாவது குவார்ட்டர்ல கோச் உக்கார வெச்சுட்டாரு, கமெண்ட்ரி அண்ணா, அந்தப் பொண்ணு டயர்டு ஆயிடுச்சு, ஸ்டாமினா பத்தலைன்னு சொல்லிட்டே இருக்காரு. நான் பெஞ்சுக்குப் பக்கத்துல தான் நின்னேன், அது டயர்டும் இல்ல ஒண்ணும் இல்ல, துண்ட கடிச்சுட்டு எழுந்து எழுந்து உக்காருது. ஸ்கோர் டேபிள்ல போயி பாத்தா அதுக்கு நாலு ஃபவுல், இன்னொண்ணு விழுந்தா வெளிய. கோச் கிட்ட, எப்ப சார் எறக்குவீங்கன்னு மட்டும் கேட்டேன், கடைசி நாலு நிமிஷம் இருக்கும்போதுன்னாரு. லைவ்ல அதை சொன்னேன், மொத்தமே இருபது செகண்டு இருக்கும். சொன்ன மாதிரியே எறக்குனாரு. அந்த டீம் தோத்துருச்சு, அது வேற விஷயம்.

திரும்பி வரும்போது பஸ்ல சூளகிரி வரைக்கும் அப்பா ஒண்ணும் பேசல. அப்புறம், "அந்த நாலு ஃபவுல் கணக்கு உனக்கு யாரு சொன்னா?"ன்னு கேட்டாரு. நானே போயி பாத்தேம்ப்பான்னேன். ம்ம்னாரு. கடலை வாங்கி குடுத்தாரு.

இப்ப ஒரு சந்தேகம், அடுத்தது ஓப்பன் கிரவுண்டு, மைக்ல காத்து சத்தம் பயங்கரமா அடிக்குது, அது மேல மாட்டற பஞ்சு உறை ஓசூர்லயே கெடைக்குமா, பெங்களூரு தான் போகணுமா?

ஃப்ளோர்_அக்கா

எங்கயும் போவாத, என்கிட்ட பழசு ரெண்டு கெடக்கு. பொங்கலுக்கு ஊருக்கு வரும்போது எடுத்துட்டு வரேன்.