வண்ண அச்சிலுள்ள மஞ்சள் புள்ளிகள் மனு எழுதியவரைக் காட்டிக்கொடுக்குமா?

ஏரிக்கரை (பாலக்கோடு):
எங்கள் ஊர் ஏரியில் இரவு நேரங்களில் மண் அள்ளப்படுவது குறித்துப் பெயர் குறிப்பிடாமல் மாவட்ட ஆட்சியருக்கு மனு அனுப்ப எண்ணியுள்ளேன். படங்கள் தெளிவாக இருக்க வேண்டுமென்று தருமபுரியில் ஒரு ஜெராக்ஸ் கடையில் வண்ண லேசர் அச்சு எடுத்தேன். இயந்திரத்தின் எண்ணும் அச்சிட்ட நேரமும் கண்ணுக்குத் தெரியாமல் தாளிலேயே பதிந்துவிடும் என்று நண்பர் ஒருவர் சொன்னதிலிருந்து, உறை ஒட்டியபடி மேசையிலேயே கிடக்கிறது. இது உண்மையா, வெறும் புரளியா?

டோனர் (ஓசூர்):
புரளி அல்ல, ஆனால் எல்லா இயந்திரங்களுக்கும் பொருந்துவதும் அல்ல. பல வண்ண லேசர் அச்சுப்பொறிகள், கள்ளநோட்டு அடிப்பவர்களைக் கண்டுபிடிக்க உதவும் பொருட்டு, சுமார் 0.1 மி.மீ. அளவுள்ள மஞ்சள் புள்ளிகளைத் தாள் முழுவதும் திரும்பத் திரும்ப இட்டுவிடுகின்றன. எலக்ட்ரானிக் ஃபிரான்டியர் ஃபவுண்டேஷன் என்ற அமெரிக்க அமைப்பு 2005-இல் ஜெராக்ஸ் நிறுவனத்தின் டாக்குகலர் இயந்திரம் இட்ட புள்ளிகளைப் படித்துக் காட்டியபோது, 15 நெடுவரிசைகளும் 8 கிடைவரிசைகளும் கொண்ட கட்டத்துக்குள் அச்சிட்ட நாள், மணி, நிமிடம், இயந்திரத்தின் வரிசை எண் ஆகிய அனைத்தும் இருந்தன. இருட்டில் நீல எல்.இ.டி. விளக்கைத் தாளின்மேல் பிடித்து லென்ஸ் வழியாகப் பார்த்தால், வெள்ளைத் தாளில் ஒளிந்திருந்த மஞ்சள் கறுப்பாகத் தென்படும். கறுப்பு வெள்ளை லேசரில் மஞ்சள் டோனரே இல்லாததால் இந்தக் கவலையும் இல்லை.

கடைக்காரன் (அரூர்):
12 ஆண்டுகளாக ஜெராக்ஸ் கடை நடத்துபவன் என்ற முறையில் ஒன்று கேட்கிறேன்: கோப்பைக் கடைக்காரரின் வாட்ஸ்அப்புக்கு அனுப்பித்தானே அச்செடுத்தீர்கள்? அப்படியானால் உங்கள் எண்ணும் கோப்பும் அங்கேயே இருக்கின்றன. புள்ளிகள் கடையின் இயந்திரம் வரைதான் கொண்டுபோய் விடும். அங்கிருந்து உங்கள் வீட்டு வாசலுக்கு வரும் வழியை நாமேதான் போட்டுக் கொடுக்கிறோம். 2017-இல் அமெரிக்காவில் ரியாலிட்டி வின்னர் என்பவர் அரசு ரகசிய அறிக்கையை வெளியிட்டுப் பிடிபட்டதற்கு இந்தப் புள்ளிகளே காரணம் என்று பரவலாகச் சொல்வார்கள். அந்தத் தாளில் புள்ளிகள் இருந்தது மெய்தான். ஆனால் புலனாய்வு அமைப்பு நீதிமன்றத்தில் கூறியதோ, ஆவணத்தை அச்சிட்டவர்கள் 6 பேர் என்று அலுவலகப் பதிவுகள் காட்டியதையும், அவர்களில் ஒருவரின் கணினியிலிருந்து செய்தி நிறுவனத்துக்கு மின்னஞ்சல் போயிருந்ததையும்தான்.

மாந்தோப்பு (கிருஷ்ணகிரி):
வண்ணத் தாளைக் கறுப்பு வெள்ளையில் நகலெடுத்து அனுப்பினால் மஞ்சள் புள்ளிகள் பெரும்பாலும் நகலில் விழாது. படத்தின் தெளிவு சற்றுக் குறையும், அவ்வளவே. எனக்குப் புள்ளிகளைவிடப் படங்களைப் பற்றித்தான் ஐயம். எந்த இடத்தில் நின்று எடுத்தீர்கள்? மண் அள்ளுபவர்கள் உள்ளூர்க்காரர்கள் என்றால், லென்ஸும் நீல விளக்கும் இல்லாமலேயே அது யார் வீட்டு மாடி என்று சொல்லிவிடுவார்கள். மொட்டைக் கடிதம் என்று மனுவை ஒதுக்கிவிடவும் கூடும் என்பதால், சர்வே எண்ணையும் லாரி வந்த நாட்களையும் தெளிவாக எழுதுங்கள்.

ஏரிக்கரை (பாலக்கோடு):
அனைவருக்கும் நன்றி. கோப்பை வாட்ஸ்அப்பில்தான் அனுப்பினேன். 5 படங்களில் 2 எங்கள் மாடியிலிருந்து எடுத்தவை. உறையைப் பிரித்து அவற்றை நீக்கிவிட்டேன். ஏரியின் மறுகரையிலிருந்து வேறு படங்கள் எடுத்த பின்னரே அனுப்புவேன்.