'சேட்லி பாஸ்ட் அவே' என்று எழுதினால் தப்பா?

மொட்டைமாடி:

எங்கள் அலுவலகத்தில் கணக்குப் பிரிவில் பல வருஷம் இருந்து ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் நேற்றுக் காலை தவறிவிட்டார். எல்லாக் கிளைகளுக்கும் இங்கிலீஷில் மெயில் போடும் வேலை என் தலையில் விழுந்தது. 'ஹி சேட்லி பாஸ்ட் அவே எஸ்டர்டே மார்னிங்' என்று எழுதிக் காட்டினேன். மேலாளர் படித்துவிட்டு, "என்னம்மா இது, சேட்லி என்றால் சோகமாக, அப்போ மனுஷன் சோகமாகச் செத்துப்போனார் என்று ஊருக்கெல்லாம் சொல்கிறாயா, வீட்டில் இருப்பவர்கள் பார்த்தால் என்ன நினைப்பார்கள்" என்று கேட்டார். அப்புறம் அவரே அதை அடித்துவிட்டு 'அன்ஃபார்ச்சுனேட்லி எக்ஸ்பயர்ட்' என்று மாற்றிக் கொடுத்தார். எனக்கு அது இன்னும் மோசமாகப் படுகிறது, ஏன் என்று அவரிடம் எடுத்துச் சொல்லத்தான் வரவில்லை.

பள்ளிக்கூடத்தில் படித்தபடி பார்த்தால் அவர் சொல்வதும் நியாயம்தான். ஸ்லோலி நடந்தான், லௌட்லி கத்தினான், லி வந்தால் அந்தக் காரியம் எப்படி நடந்தது என்று சொல்லும். அப்படியானால் சேட்லி மட்டும் எப்படி வேறு மாதிரி? ஆனால் வெளிநாட்டுச் செய்திகளில் நான் எழுதியது போலவே பார்த்திருக்கிறேன். அடக்கம் நாளைக் காலை, மெயில் இன்று சாயங்காலத்துக்குள் போயாக வேண்டும். தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கடைசிபெஞ்ச் வாத்தியார்:

உங்கள் மேலாளர் சொல்வது பாதி இலக்கணம், மீதிப் பாதியை விட்டுவிட்டார். அந்தச் சொல்லுக்கு இரண்டு வேலை உண்டு. 'ஷி ஸ்மைல்ட் சேட்லி' என்றால் சோகம் சிரித்தவளுடையது, சிரிப்பிலேயே அது தெரிந்தது. 'சேட்லி, த ஷாப் ஹேஸ் க்ளோஸ்ட்' என்றால்? கடைக்கு ஏது சோகம். மூடிவிட்டார்களே என்று சொல்கிறவருக்குத்தான் வருத்தம். முதலாவதில் சொல் வினையோடு ஒட்டிக்கொண்டு நிற்கிறது. இரண்டாவதில் முழு வாக்கியத்துக்கும் வெளியே நின்று, நடந்த சங்கதியைப் பற்றிச் சொல்கிறவர் என்ன நினைக்கிறார் என்று காட்டுகிறது. ஃபார்ச்சுனேட்லி, லக்கிலி, சர்ப்ரைசிங்லி எல்லாம் இந்த இரண்டாவது வேலையைத்தான் செய்கின்றன, அவற்றைப் பார்த்து யாரும் சண்டைக்கு வருவதில்லை.

வகுப்பில் இதைப் புரியவைக்க நான் இல்லை என்ற சொல்லைச் சேர்த்துப் பார்க்கச் சொல்வேன். 'ஹி டிட் நாட் லீவ் சேட்லி' என்றால் ஆள் போய்விட்டான், ஆனால் சோகமாகப் போகவில்லை, ஒருவேளை விசிலடித்துக்கொண்டே போயிருக்கலாம். 'சேட்லி, ஹி டிட் நாட் லீவ்' என்றால் ஆள் போகவே இல்லை, இன்னும் நம் வீட்டு ஹாலில்தான் உட்கார்ந்திருக்கிறான், வருத்தம் நமக்கு! சொற்கள் அதேதான், இடமும் காற்புள்ளியும்தான் மாறின. இரண்டாவது வகையைக் கட்டளையோடு சேர்க்கவும் முடியாது. 'சேட்லி, சிட் டவுன்' என்று எந்த வெள்ளைக்காரனும் சொல்லமாட்டான், ஏனென்றால் நடந்த அல்லது நடக்கப்போகிற ஒரு செய்தி இருந்தால்தான் அதைப் பற்றி வருத்தப்பட முடியும். அதே போல பின்னால் இனஃப் சேர்த்து 'சேட்லி இனஃப்' என்று வாக்கியத்தைத் தொடங்கினால் அது நிச்சயமாக இரண்டாவது வகைதான்.

சிக்கல் எங்கே வருகிறது என்றால், உங்களுடையது போல எழுவாய்க்கும் வினைக்கும் நடுவில் காற்புள்ளி இல்லாமல் வரும்போதுதான். 'ஹி சேட்லி லெஃப்ட்' என்றால் உண்மையிலேயே இரண்டு விதமாகவும் படிக்கலாம். ஆனால் இறப்பு என்று வந்துவிட்டால் யாரும் அப்படிக் குழம்பமாட்டார்கள். உங்கள் வாக்கியத்தில் தப்பு இல்லை.

குரொய்டன்காரன்:

இங்கே லண்டனில் இது தினம் கண்ணில் படுகிற வசனம். உள்ளூர்ப் பத்திரிகைகளின் மரண அறிவித்தல் பக்கத்தைப் பார்த்தால் 'சேட்லி பாஸ்ட் அவே', 'பீஸ்ஃபுலி பாஸ்ட் அவே', 'சடன்லி அட் ஹோம்' என்று வரிசையாகக் கிடக்கும். இதில் வேடிக்கை என்னவென்றால் பீஸ்ஃபுலி என்பது உங்கள் மேலாளர் சொல்கிற மாதிரியேதான் வேலை செய்கிறது, மனுஷன் அமைதியாக, நோவில்லாமல் கண்மூடினார் என்று அர்த்தம். அதே இடத்தில் சேட்லியைத் தூக்கி வைத்தால் கதை மாறிவிடுகிறது, அந்தச் சோகம் குடும்பத்தாருடையது. வாசிக்கிறவர்கள் ஒருநாளும் பிழையாக விளங்கிக்கொள்வதில்லை.

அறிவித்தலின் அடியில் இன்னொன்றும் வரும், 'சேட்லி மிஸ்ட் பை' என்று போட்டுப் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் பெயர். அது இரண்டுக்கும் நடுவில் நிற்கிற ஒன்று. மிகவும் தேடுகிறோம், அவர் இல்லாத குறை பெரிதாக இருக்கிறது என்ற மாதிரி.

எங்கட ஆட்களின் தமிழ் அறிவித்தலை நினைத்துப் பாருங்கள். இன்னார் இறைவனடி சேர்ந்தார் என்பதை ஆழ்ந்த துயருடன் அறியத் தருகிறோம் என்று எழுதுவோம். துயரம் 'அறியத் தருகிறோம்' என்பதோடு போய் ஒட்டிக்கொள்ளும், யாருடைய துயரம் என்ற கேள்வியே எழாது. இங்கிலீஷ்காரன் அந்த அறியத் தருகிறோம் என்பதை விழுங்கிவிட்டுத் துயரத்தை மட்டும் வாக்கியத்துக்குள் போட்டுவிடுகிறான். உங்கள் மேலாளருக்கு நெருடுவது அதுதான் என்று நினைக்கிறேன்.

மொட்டைமாடி:

அண்ணா, இது டக்கென்று புரிந்தது. நம் பக்கத்திலும் 'வருத்தத்துடன் தெரிவித்துக்கொள்கிறோம்' என்றுதான் போடுவோம். சோகமாகக் காலமானார் என்று ஒரு போஸ்டரிலும் பார்த்ததில்லை.

கறார் கணேசன்:

எல்லாரும் செய்கிறார்கள் என்பதால் சரியாகிவிடாது. வினைக்கு அடைமொழி வினையைத்தான் சொல்ல வேண்டும். ஹோப்ஃபுலி என்று வாக்கியத்தைத் தொடங்குவது அசட்டுத்தனம் என்று அமெரிக்காவில் பெரிய பெரிய ஆசிரியர்களே எழுதியிருக்கிறார்கள். சேட்லிக்கும் அதே நியாயம்தானே? அலுவலக மெயிலில் சந்தேகத்துக்கு இடம் கொடுக்கிற சொல் எதற்கு?

கடைசிபெஞ்ச் வாத்தியார்:

கணேசன் சார், ஹோப்ஃபுலி சண்டை எனக்கும் தெரியும். 1960களிலும் 70களிலும் அது உச்சத்தில் இருந்தது. ஆனால் கவனித்துப் பாருங்கள், அதைத் திட்டியவர்களே சேட்லி, மெர்சிஃபுலி, ஃபார்ச்சுனேட்லி எல்லாவற்றையும் வாக்கியத் தொடக்கத்தில் தாராளமாக எழுதிக்கொண்டிருந்தார்கள். ஒரு சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டார்கள், அவ்வளவுதான். அந்தச் சண்டையும் முடிந்துவிட்டது. அமெரிக்கப் பத்திரிகை அலுவலகங்களில் வைத்துப் பார்க்கிற அசோசியேட்டட் பிரஸ் நடைக் கையேடு 2012இல் ஹோப்ஃபுலியையும் ஏற்றுக்கொண்டது. நீங்கள் இன்னும் அந்தக் கோட்டையைக் காவல் காத்துக்கொண்டிருக்கிறீர்கள்.

சந்தேகத்துக்கு இடம் கொடுக்காமல் எழுதலாம் என்பதை மட்டும் ஒத்துக்கொள்கிறேன். அதற்கு சேட்லியை முன்னால் கொண்டுபோய் வைத்து ஒரு காற்புள்ளி போட்டால் போதும்.

ஆள்சேர்ப்பு அம்புஜம்:

நான் மனிதவளத்தில் இருக்கிறேன், 'மாட்டேன்' என்று மெயில் எழுதுவதே பாதி வேலை. இதே குடும்பத்தில் தினம் குழப்புகிற ஜோடி ரெக்ரெட்ஃபுலியும் ரெக்ரெட்டபிளியும். முன்னது வருத்தப்படுகிற ஆளோடு போகும்: 'ஷி ரெக்ரெட்ஃபுலி டிக்ளைன்ட்' என்றால் அவளே மனசில்லாமல் மறுத்தாள். பின்னது வருத்தத்துக்குரிய விஷயத்தோடு போகும்: ரெக்ரெட்டபிளி, பஸ் வரவில்லை. பஸ் வருத்தப்படாது. முதலாவதை இரண்டாவதன் இடத்தில் போடுகிறவர்கள் நிறைய, சில அகராதிகளும் அதை ஏற்றுக்கொண்டுவிட்டன, ஆனாலும் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு படிக்கிற ஆட்கள் இருக்கும் அலுவலகத்தில் பிரித்து எழுதுவதே நல்லது.

உங்கள் மேலாளர் போட்ட அன்ஃபார்ச்சுனேட்லி ஏன் உறுத்துகிறது என்றால், அது வேலை கிடைக்கவில்லை, லீவு இல்லை, ஸ்டாக் தீர்ந்துவிட்டது என்று சொல்லிச் சொல்லித் தேய்ந்துபோன சொல். நானே எத்தனை பேருக்கு அனுப்பியிருப்பேன்! அதைக் கொண்டுபோய் ஒரு மனிதரின் சாவுக்கு முன்னால் வைத்தால் அவர் இறந்தது ஏதோ ஆர்டர் ரத்தான மாதிரி இருக்கிறது. எக்ஸ்பயர்ட் நம் ஊரில் சகஜம், ஆஸ்பத்திரி, போலீஸ், அரசு அலுவலகம் எல்லா இடத்திலும் அப்படித்தான் எழுதுகிறார்கள், யாரும் தப்பாக எடுத்துக்கொள்ளமாட்டார்கள். வெளிநாட்டுக் கிளை ஏதாவது உண்டா? இருந்தால் அங்கே அந்தச் சொல்லைப் பெரும்பாலும் பாஸ்போர்ட்டுக்கும் பால் பாக்கெட்டுக்கும்தான் சொல்வார்கள்.

பழஞ்சொல் பைத்தியம்:

கொஞ்சம் தள்ளிப் போய் ஒன்று சொல்கிறேன், மன்னிக்கவும், எனக்கு இது பிடித்த இடம். சேட் என்ற சொல்லுக்கு ஆதியில் சோகம் என்ற அர்த்தமே கிடையாது. பழைய ஆங்கிலத்தில் அதற்கு வயிறு நிறைந்த, போதும் போதுமென்று ஆகிவிட்ட என்றுதான் பொருள். ஜெர்மன்காரர்கள் இன்றைக்கும் சாப்பிட்டு முடித்து ஸட் என்று சொன்னால் வயிறு நிறைந்துவிட்டது என்று அர்த்தம், இரண்டும் ஒரே வேர். நிறைந்தது அலுத்தது ஆனது, அலுத்தது கனத்தது ஆனது, கனம் கம்பீரமாகி, கடைசியில் துக்கத்தில் வந்து நின்றது. ஷேக்ஸ்பியர் காலத்தில்கூட சேட் என்றால் விளையாட்டில்லாமல், நிஜமாக என்று ஒரு பொருள் நடப்பில் இருந்தது. துணி தேய்க்கிற கெட்டி இரும்புப் பெட்டிக்கு சேட் அயர்ன் என்று பெயர் வந்ததும் அந்தக் கனத்தால்தான். இன்னொன்று, சாரி என்ற சொல்லும் சாரோ என்ற சொல்லும் அக்கா தங்கை போலத் தெரியும், ஆனால் பிறப்பால் உறவே இல்லை. சாரி வந்தது புண், வலி என்ற பொருள் உள்ள சோர் என்ற சொல்லிலிருந்து.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால் சேட்லிக்கு வாத்தியார் சொன்ன இரண்டு போக மூன்றாவது ஒன்றும் இருக்கிறது. 'யூ ஆர் சேட்லி மிஸ்டேகன்' என்று ஒருவர் சொன்னால் அங்கே யாருக்கும் கண்ணீர் இல்லை. நீ நினைப்பது படுதப்பு என்கிறார், கொஞ்சம் கோபத்தோடு. 'சேட்லி லேக்கிங்' என்றால் ரொம்பவே குறைவு. வோஃபுலி என்பது இந்த வழியில் இன்னும் வெகுதூரம் போய்விட்டது, இன்று அதை துயரத்தோடு என்ற பொருளில் எழுதுகிறவர்கள் அபூர்வம், 'வோஃபுலி இனடிக்வேட்' என்றுதான் பார்ப்பீர்கள். நாம் பயங்கரமாக நன்றாக இருக்கிறது என்கிறோமே, அதில் பயம் எங்கே இருக்கிறது?

தமிழில் சொல்கிறவரின் வருத்தத்தைக் காட்ட ஒரு சின்னச் சொல்லே இருந்தது, மன். நடந்து முடிந்துபோனதை நினைத்து ஏங்கும்போது வாக்கியத்தில் அது வந்து உட்காரும், தொல்காப்பியம் அதன் பொருள்களில் முதலாவதாகக் கழிவு என்பதைச் சொல்கிறது. இப்போது அந்த வேலையை 'பாவம்' செய்கிறது என்று எனக்குத் தோன்றும். "பாவம், நேற்றுத்தான் ஆஸ்பத்திரியிலிருந்து வந்தார்" என்றால் அந்தப் பாவம் வாக்கியத்துக்கு வெளியேதானே நிற்கிறது?

கறார் கணேசன்:

பாவம் என்று மெயிலில் போட முடியாது. சரி, வாத்தியார் சொன்ன காற்புள்ளி யோசனையை ஏற்றுக்கொள்கிறேன். ஹோப்ஃபுலி விஷயத்தில் மாறப்போவதில்லை.

மொட்டைமாடி:

எல்லாருக்கும் நன்றி. மேலாளரிடம் கடை மூடிய உதாரணத்தைச் சொன்னேன், கடைக்கு ஏது சோகம் என்றதும் சிரித்துவிட்டார். ஆனாலும் அவருக்கு சேட்லி வேண்டாமாம், ஏதோ நெருடுகிறதாம். அதனால் குரொய்டன் அண்ணா சொன்ன தமிழ் வழியையே இங்கிலீஷில் போட்டுவிட்டேன்: 'வி ஆர் டீப்லி சாடன்ட் டு இன்ஃபார்ம் யூ', அதற்கப்புறம் 'பாஸ்ட் அவே'. சிங்கப்பூரில் ஒரு கிளை இருக்கிறது, அதனால் எக்ஸ்பயர்டையும் எடுக்கச் சொல்லி ஒத்துக்கொள்ள வைத்தேன். வீட்டாருக்குத் தனியாக ஒரு கடிதம் போக வேண்டும், அதிலும் இதையே எழுதலாமா?

ஆள்சேர்ப்பு அம்புஜம்:

வீட்டாருக்கு வேண்டாம்மா. இறந்த செய்தி அவர்களுக்குத் தெரியும், இன்ஃபார்ம் செய்ய நீங்கள் யார்? 'வி ஆர் சோ சாரி' என்று தொடங்கி, அவரோடு வேலை செய்தவர்கள் யாரையாவது பிடித்து அவரைப் பற்றி இரண்டு வரி கேட்டு எழுதுங்கள். அந்தக் கடிதத்தில் லி வருகிற சொல்லே தேவைப்படாது. முடிந்தால் தமிழிலேயே எழுதிவிடுங்கள், அவர் மனைவி படிக்க வேண்டும் இல்லையா.