ஒரே சட்டி பீஃப் சில்லி: கறியும் வேகவில்லை, பீன்ஸும் வேகவில்லை. என்ன செய்யலாம்?

பிளானோவாசி (கேள்வி)

டெக்சஸுக்கு மாறி வந்து இது முதல் குளிர்காலம். அடுத்த வெள்ளிக்கிழமை அலுவலகத்தில் சில்லி (மிளகாயோடு மாட்டுக்கறியை நெடுநேரம் வேகவைக்கும் இந்த ஊர் உணவு) போட்டி, ஆளுக்கொரு சட்டி கொண்டுவர வேண்டுமாம். நம்ம ஊர் மட்டன் குழம்பு, பீஃப் வறுவல் எல்லாம் எனக்குக் கைவந்த வேலை. இந்தச் சில்லி மட்டும் பிடிபட மாட்டேன் என்கிறது.

செய்முறை இதுதான். எனாமல் பூசிய கனமான இரும்புச் சட்டி. கடையில் 'ஸ்டூ மீட்' என்று துண்டு போட்டு விற்கும் கறி 2 பவுண்டு, இரவே ஊறவைத்த சிவப்பு ராஜ்மா 1 கப், 28 அவுன்ஸ் தக்காளி டின் ஒன்று, வெங்காயம், பூண்டு, சீரகத்தூள், நம்ம மிளகாய்த்தூள். வெங்காயத்தை வதக்கி, கறியைப் போட்டுப் பிரட்டி, மற்றதையெல்லாம் கொட்டி மூடி ஒன்றரை மணி நேரம் நன்றாகக் கொதிக்க விடுகிறேன்.

கறி ரப்பர் மாதிரி இழுக்கிறது. ராஜ்மாவைக் கடித்தால் நறுக்கென்கிறது. காரம் ஏறுகிறதே தவிர அந்த ஆழ்ந்த சிவப்பும் மணமும் இல்லை. குழம்பு நீர்த்துக் கிடக்கிறது, சுண்டவிட்டால் அடிப்பிடிக்கிறது.

வீட்டில் ஸ்லோ குக்கர் (மெல்லிய சூட்டில் மணிக்கணக்கில் வேகவைக்கும் மின்சாரச் சட்டி) ஒன்று இருக்கிறது. எல்லாவற்றையும் அதில் போட்டு இரவு முழுக்க விட்டுவிட்டால் சரியாகிவிடுமா?

இரவுப்பணி

மற்றதற்கு வேறு யாராவது பதில் சொல்வார்கள், அந்தக் கடைசி வரிக்கு மட்டும் நான் உடனே சொல்லிவிடுகிறேன். ஊறிய ராஜ்மாவை வேகவைக்காமல் நேராக ஸ்லோ குக்கரில் போடவே போடாதீர்கள்.

சிவப்பு ராஜ்மாவில் பைட்டோஹீமக்ளூட்டினின் என்று ஒரு நச்சுப்பொருள் உண்டு. நன்றாகக் கொதித்தால்தான் அது அழியும். ஸ்லோ குக்கரில் உள்சூடு அந்த அளவுக்கு ஏறாமலே போகலாம். 80 டிகிரி செல்சியஸ் வரை மட்டும் சூடேறிய பீன்ஸ், வேகவைக்காத பீன்ஸைவிடப் பல மடங்கு மோசமாகலாம் என்று அமெரிக்க உணவு மருந்து நிர்வாகமே எச்சரித்திருக்கிறது. நாலைந்து பீன்ஸ் போதும், சாப்பிட்ட சில மணி நேரத்தில் வாந்தி பிடுங்கும், பின்னாலேயே வயிற்றுப்போக்கு. அலுவலகம் முழுக்கப் பரிமாறப் போகிறீர்கள் என்பதால்தான் இவ்வளவு சொல்கிறேன்.

குறைந்தது 5 மணி நேரம் ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் 30 நிமிடம் கொதிக்க வையுங்கள். அதன்பிறகு எந்தச் சட்டியில் வேண்டுமானாலும் போடலாம். டின் பீன்ஸ் ஏற்கெனவே வெந்தது, அதற்கு இந்தப் பயமே வேண்டாம்.

அடுப்படி_ஹூஸ்டன்

தம்பி, 'ஒரே சட்டி' என்றால் எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் கொட்டுவது என்று எடுத்துக்கொண்டீர்கள் போல. சட்டிதான் ஒன்று, ஒவ்வொன்றுக்கும் நேரம் வேறு. உங்கள் நாலு குறைகளில் மூன்று இதனால்தான் வருகிறது.

முதலில் கறி. 'ஸ்டூ மீட்' பாக்கெட்டில் எந்தப் பாகத்துத் துண்டு இருக்கும் என்று சொல்ல முடியாது. பல கடைகளில் பின்தொடைக் கறியும் கலந்திருக்கும். அதில் கொழுப்பும் சவ்வும் குறைவு, எவ்வளவு வேகவைத்தாலும் வறண்டுதான் போகும். 'சக் ரோஸ்ட்' என்று முழுத் துண்டாக வாங்குங்கள், அது தோள்பட்டைக் கறி. ஹலால் கடை என்றால் தோள்பட்டை என்று கேட்டாலே எடுத்துக் கொடுப்பார்கள். வீட்டில் நீங்களே ஒரு அங்குலத் துண்டுகளாகப் போடுங்கள். குறுக்கே வெள்ளையாக ஓடும் சவ்வை வெட்டி எறிய வேண்டாம். கறியைப் பஞ்சாக்குவதும் குழம்புக்கு வழவழப்புக் கொடுப்பதும் அதுதான்.

அந்தச் சவ்வு கரைய மெல்லிய சூடும் நேரமும் வேண்டும். ஒன்றரை மணி நேரத்தில் நார் இறுகிச் சாறு வெளியே போயிருக்கும், சவ்வு மட்டும் பாதிதான் கரைந்திருக்கும். சரியாக அந்த மோசமான கட்டத்தில் அடுப்பை அணைக்கிறீர்கள். இன்னும் ஒரு மணி நேரம் விட்டால் அதே கறி கரண்டி பட்டதும் பிரியும். மொத்தம் இரண்டரை முதல் மூன்று மணி நேரம். தளதளவென்று கொதிக்கவே கூடாது, மேலே அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குமிழ் வந்தால் போதும்.

கறியைச் சிவக்க வறுக்கும்போது சட்டியை நிரப்பாதீர்கள். நிரப்பினால் தண்ணீர் விட்டு அதிலேயே வெந்து சாம்பல் நிறமாகிவிடும். கறியைத் துணியால் ஒற்றி ஈரம் எடுத்து, பாதியை மட்டும் போட்டு, ஒரு பக்கம் நன்றாகச் சிவக்கும்வரை கிளறாமல் விடுங்கள். மீதிப் பாதியை அப்படியே பச்சையாகச் சேர்த்தாலும் சுவை குறையாது. எடுத்ததும் அடியில் பழுப்பாக ஒட்டியிருக்கும் பாருங்கள், அதன்மேலேயே வெங்காயத்தைப் போட்டு உப்புத் தூவுங்கள். வெங்காயம் விடும் தண்ணீரில் அது தானாகப் பெயர்ந்து வரும். மரக்கரண்டியால் சுரண்டி எடுங்கள், குழம்பின் நிறத்தில் பாதி அங்கேதான் இருக்கிறது.

ராஜ்மா ஏன் வேகவில்லை என்றால், தக்காளியின் புளிப்பு. புளிப்பில் பீன்ஸின் தோல் இளகாது. சாம்பாரில் பருப்பு வெந்தபிறகுதானே புளி விடுகிறோம், அதே கணக்கு. துண்டு போட்ட தக்காளி டின்னில் துண்டு கரையாமல் இருக்கக் கால்சியம் குளோரைடு வேறு போடுவார்கள், அதுவும் பீன்ஸை இறுக்கும். தனியாக உப்புப் போட்டு வேகவைத்து, நசுக்கினால் மசியும் பதத்தில், கடைசி அரை மணி நேரத்தில் சேருங்கள். போட்டிக்கு அவசரமாகச் செய்வதென்றால் டின் பீன்ஸே போதும், யாரும் கண்டுபிடிக்கப் போவதில்லை.

அடிப்பிடிக்கும் தொல்லைக்கு 'அவன்' (oven) அடுப்புதான் வழி. கொதி வந்ததும் மூடியை லேசாகத் திறந்த மாதிரி வைத்து 300 டிகிரி ஃபாரன்ஹீட்டில் சட்டியோடு உள்ளே தள்ளிவிடுங்கள். சூடு சுற்றிலும் இருந்து வருவதால் அடி கருகாது, மேலே தண்ணீரும் தானாக வற்றும்.

சான்ஆண்டோனியோக்காரன்

அக்கா சொன்னது எல்லாம் சரி, பீன்ஸ் தவிர. டெக்சஸில் நடக்கும் போட்டி என்கிறார், பீன்ஸ் போட்ட சட்டியைக் கொண்டுபோனால் உள்ளூர்க்காரர்கள் முகத்தைப் பார்க்க வேண்டுமே! 1967 முதல் இந்த மாநிலத்து டெர்லிங்குவா என்ற ஊரில் சில்லிப் போட்டி நடக்கிறது. போட்டி விதிகளில் பீன்ஸ், அரிசி, பாஸ்தா எதற்கும் இடமில்லை. 1977இல் சில்லியை மாநில உணவாகவே அறிவித்துவிட்டார்கள். அலுவலகத்தில் அவ்வளவு கறார் இருக்காது, ஆனாலும் விதியை ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.

மணம் வராததற்குக் காரணம் மிளகாய். நம்ம தூள் காரத்துக்குத்தான். இவர்கள் 'சில்லி பவுடர்' என்று பாட்டிலில் விற்பது காரம் குறைந்த மிளகாயோடு சீரகம், ஆரிகனோ, பூண்டுத்தூள் எல்லாம் சேர்ந்த கலவை. செய்முறையில் கால் கப் என்று போட்டிருந்தால் இந்தக் கலவையைத்தான் சொல்கிறார்கள். அந்த அளவுக்கு நம்ம தூளைப் போட்டால் வாய் வெந்துவிடும்.

பாட்டிலும் வேண்டாம் என்பேன். மெக்சிகன் கடையில் காய்ந்த மிளகாய் வாங்குங்கள். 3 பவுண்டு கறிக்கு 'ஆன்சோ' 4, 'குவாஹியோ' 3. ஆன்சோ என்பது பொப்ளானோ மிளகாய் பழுத்துக் காய்ந்தது. கறுத்து, அகலமாக, சுருங்கி இருக்கும். நல்ல சரக்கு வளையும், பழைய சரக்கு ஒடியும். கத்தரிக்கோலால் காம்பை நறுக்கி விதையைக் கொட்டிவிட்டு, வெறும் தோசைக்கல்லில் கரண்டியால் அழுத்தி ஒவ்வொரு பக்கமும் சில நொடி. காய்ந்த திராட்சை வாசம் வந்ததும் எடுத்துவிட வேண்டும். புகைய விட்டால் கசந்துவிடும், அதற்குப் பரிகாரமே கிடையாது. வெந்நீரில் 20 நிமிடம் ஊறவைத்து விழுதாக அரையுங்கள். ஊறிய தண்ணீரைக் கொஞ்சம் வாயில் விட்டுப் பார்த்து, கசந்தால் கொட்டிவிட்டுக் கறிச் சாற்றை ஊற்றி அரையுங்கள்.

வெங்காயம் வதங்கியதும் இந்த விழுதைப் போட்டு எண்ணெய் பிரியும்வரை வதக்குங்கள். பிறகு கறி. இந்த இடத்தில் நம்ம வீட்டு மசாலா வதக்கலும் டெக்சஸ் சில்லியும் ஒன்றுதான், அதனால் உங்களுக்குச் சுலபமாக வரும். காரம் போதவில்லை என்றால் நம்ம தூள் அரை டீஸ்பூன் போதும். கரம் மசாலா பக்கம் மட்டும் கையைக் கொண்டுபோகாதீர்கள், உடனே நம்ம ஊர்க் குழம்பாகிவிடும்.

குக்கர்_விசில்

நேரம் இல்லாதவர்களுக்கு: எலெக்ட்ரிக் பிரஷர் குக்கரில் சக் துண்டுகள் 35 நிமிடம், பிரஷர் தானாக இறங்கட்டும். பட்டென்று திறந்துவிட்டால் கறி மறுபடி இறுகும். தக்காளியைக் கடைசியாக மேலே ஊற்றிக் கிளறாமல் மூடினால் அடிப்பிடித்த எச்சரிக்கை வராது. பிரஷரில் தண்ணீர் வற்றாது என்பதால் மூடியைத் திறந்தபிறகு சுண்டவிட வேண்டும்.

பிளானோவாசி

எல்லோருக்கும் நன்றி. விசாரித்துவிட்டேன், பீன்ஸ் போடலாம் என்கிறார்கள். ஆனால் நடுவர்களில் இரண்டு பேர் இந்த ஊரில் பிறந்து வளர்ந்தவர்களாம், அதனால் போடாமலே செய்யப் போகிறேன். மூன்று சந்தேகம். கெட்டியாக்கச் சோளமாவு போடலாமா? பீர் ஊற்றச் சொல்கிறார்களே, அது இல்லாமல் முடியாதா? ஊரிலிருந்து கொண்டுவந்த வெறும் இரும்புச் சட்டியில் செய்தால் சுவை கூடுமா?

அடுப்படி_ஹூஸ்டன்

பாயசம் கெட்டியாக்கப் போடும் வெள்ளை சோளமாவு வேண்டாம், பசை மாதிரி பளபளக்கும். 'மாசா ஹரீனா' என்று தோர்த்தியா (மெக்சிகன் ரொட்டி) சுடும் மாவு கிடைக்கும், சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து அரைத்தது. 2 டேபிள்ஸ்பூன் மாவைக் குளிர்ந்த நீரில் கரைத்துக் கடைசி 20 நிமிடத்தில் விடுங்கள். கெட்டியும் ஆகும், ஒரு நல்ல வாசமும் சேரும்.

பீர் கட்டாயமே இல்லை. உப்புக் குறைந்த பீஃப் சாறு 3 கப் போதும். இறக்கும்போது எலுமிச்சைச் சாறு ஒரு ஸ்பூன்.

வெறும் இரும்புச் சட்டி வேண்டாம். தக்காளி மூன்று மணி நேரம் அதில் கிடந்தால் உலோக வாடை வரும். எனாமல் சட்டியே நல்லது.

பிளானோவாசி

ஞாயிற்றுக்கிழமை ஒத்திகை பார்த்தேன். சக் ரோஸ்ட், ஆன்சோ விழுது, 'அவன்' அடுப்பில் இரண்டே முக்கால் மணி நேரம். கறி கரண்டியிலேயே உடைகிறது. வீட்டுக்காரம்மா இதற்கு இடியாப்பம் கேட்கிறார், அது தனிக் கதை. இப்போது மேலே சிவப்பாக எண்ணெய் அரை அங்குலம் மிதக்கிறது. முழுக்க எடுத்துவிடவா? வியாழன் இரவே செய்து வைக்கலாமா?

சான்ஆண்டோனியோக்காரன்

முழுக்க எடுக்காதீர்கள், மிளகாயின் நிறமும் மணமும் அந்த எண்ணெயில்தான் இறங்கியிருக்கிறது. ஃபிரிட்ஜில் வைத்தால் மேலே கட்டியாக உறையும். முக்கால்வாசியைப் பெயர்த்து எடுத்துவிட்டு மீதியை விடுங்கள். எடுத்ததில் மறுநாள் முட்டை பொரியுங்கள்.

வியாழன் செய்வதுதான் நல்லது, ஒருநாள் இருந்தால் சுவை கூடும். முழுச் சட்டியாக ஆறவிடாமல் அகலமான பாத்திரங்களில் பிரித்து ஊற்றி, இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வையுங்கள். வெள்ளி காலை அடுப்பில் நன்றாகக் கொதிக்கவிட்டு, அப்புறம் ஸ்லோ குக்கருக்கு மாற்றி 'வார்ம்' நிலையில் விடுங்கள். குளிர்ந்த சில்லியை அப்படியே அதில் ஊற்றிச் சூடாக்க வேண்டாம், ரொம்ப நேரம் வெதுவெதுப்பிலேயே கிடக்கும். துருவிய செடார் சீஸ், பொடியாக நறுக்கிய வெங்காயம், சோள சிப்ஸ் ஒரு பாக்கெட், இவற்றைத் தனித்தனிக் கிண்ணத்தில் பக்கத்தில் வைத்துவிடுங்கள். உப்பை மட்டும் கொதித்தபிறகு சரிபார்க்கவும், ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த சில்லியில் உப்பு எப்போதும் குறைவாகத்தான் தெரியும்.