கேபிடலில் ஜெபர்சன் டேவிஸ் சிலை இன்னும் நிற்பது ஏன்?

கேள்வி:
சென்ற மாதம் வாஷிங்டனில் கேபிடல் கட்டடத்தைச் சுற்றிப் பார்த்தேன். அங்குள்ள தேசியச் சிலை மண்டபத்தில் மிசிசிப்பி மாநிலத்தின் சார்பில் ஜெபர்சன் டேவிஸ் நிற்கிறார். அமெரிக்க ஒன்றியத்திலிருந்து பிரிந்துபோன தென் மாநிலங்களுக்குத் தலைவராக இருந்து, ஒன்றியப் படைகளை எதிர்த்து நான்காண்டுகள் போர் நடத்தியவருக்கு, அந்த ஒன்றியத்தின் நாடாளுமன்றத்திலேயே சிலை இருப்பது எனக்கு விளங்கவில்லை. யாருக்குச் சிலை என்று முடிவு செய்வது யார்? வைத்ததை எடுக்க வழி உண்டா?

மறுமொழி 1:
முடிவு செய்வது மாநிலம்தான். அந்த மண்டபம் 1857 வரை நாடாளுமன்றத்தின் இரு அவைகளுள் ஒன்றான பிரதிநிதிகள் சபை கூடிய இடம். சபை புதிய கூடத்துக்கு மாறியபின் அதை என்ன செய்வது என்ற கேள்வி எழுந்தது. வெர்மான்ட் மாநில உறுப்பினர் ஜஸ்டின் மாரில் முன்மொழிந்து 1864இல் வந்த சட்டம், ஒவ்வொரு மாநிலமும் தன் புகழ்பெற்ற குடிமக்களுள் மறைந்த இருவருக்குப் பளிங்கிலோ வெண்கலத்திலோ சிலை அனுப்பலாம் என்றது. உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்தபோதே இயற்றப்பட்ட சட்டம் அது. ஆயினும் ஒன்றியத்தை எதிர்த்தவர் கூடாது என்று அதில் ஒரு வரிகூட இல்லை. அப்படியொரு வரி தேவைப்படும் என்று அன்று எவருக்கும் தோன்றியிராது என்பது என் ஊகம். ரோட் ஐலண்ட் 1870இல் நத்தானியேல் கிரீன் சிலையை அனுப்பித் தொடங்கி வைத்தது. டேவிஸ் வந்து சேர்ந்தது 1931இல். (அதற்கு இரண்டே ஆண்டுகளில், இத்தனை பாரத்தை மண்டபத்தின் தளம் தாங்காது என்று அஞ்சி, மாநிலத்துக்கு ஒன்றை மட்டும் அங்கே வைத்துக்கொண்டு மற்றவற்றைக் கட்டடத்தின் பிற பகுதிகளுக்கு மாற்ற வழி செய்தார்கள்.)

மறுமொழி 2:
எடுக்க வழி உண்டா என்று கேட்டிருந்தீர்கள். மாற்ற வழி உண்டு. 2000ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, குறைந்தது பத்தாண்டுகள் நின்ற சிலையை மாநிலச் சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றி, ஆளுநரின் ஒப்புதலோடு மாற்றிக்கொள்ளலாம். செலவும் மாநிலத்தையே சாரும். கான்சஸ் 2003இல் முதன்முதலாக இதைப் பயன்படுத்தி, முன்னாள் அதிபர் ஐசனோவரின் சிலையை வைத்தது. ஆனால் இது விரைவில் முடிகிற காரியம் அன்று. தென்னகப் படைத்தளபதி கிர்பி ஸ்மித்தின் சிலையை மாற்றுவதென்று புளோரிடா 2016இல் முடிவெடுத்தது. கல்வியாளர் மேரி மெக்லாட் பெத்யூனைத் தேர்ந்தெடுக்க 2018 ஆயிற்று. அவருடைய பளிங்குச் சிலை திறக்கப்பட்டதோ 2022இல். ஒரு மாநிலத்தின் சார்பில் அங்கே இடம்பெற்ற முதல் கறுப்பினத்தவர் அவர்.

கேள்வி கேட்டவர்:
விளக்கங்களுக்கு நன்றி. மாநிலம் மனம் வைக்காவிட்டால் நாடாளுமன்றம் தானே எடுத்துவிட முடியாதா?

மறுமொழி 3:
முயன்றார்கள். தென் மாநிலக் கூட்டமைப்பினரின் சிலைகளை அகற்றும் மசோதாவைப் பிரதிநிதிகள் சபை 2020இல் 305–113 என்ற கணக்கிலும், மறு ஆண்டு 285–120 என்ற கணக்கிலும் நிறைவேற்றியது. இரண்டு முறையும் மற்றோர் அவையான செனட்டில் அது நிறைவேறவில்லை. மேலே உள்ள நண்பர்கள் சட்டத்தைச் சரியாகச் சொன்னார்கள். ஆயினும், மாநிலத்தின் உரிமை என்று சொல்லி நாடாளுமன்றம் முற்றிலும் கைகழுவிவிடுவது எனக்கு ஏற்புடையதாக இல்லை, ஏனெனில் கட்டடம் நாட்டு மக்கள் அனைவருக்கும் உரியது. மாநிலமே முன்வந்து மாற்றும்போது அதற்குத் தனி மதிப்பு உண்டு என்பதையும் மறுக்கமாட்டேன்: வர்ஜீனியா 2020 டிசம்பரில் தென்னகப் படைத்தளபதி ராபர்ட் லீயின் சிலையை அகற்றிவிட்டு, 1951இல் பதினாறு வயதில் தன் பள்ளியின் அவல நிலையை எதிர்த்து மாணவர் வேலைநிறுத்தத்தை நடத்திய கறுப்பின மாணவி பார்பரா ஜான்ஸைத் தேர்ந்தெடுத்தது. டேவிஸ் நிற்கும் அதே மண்டபத்தில், கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடிய ரோசா பார்க்ஸ் அமர்ந்திருப்பதைக் கவனித்தீர்களா? 2013இல் திறக்கப்பட்ட அந்தச் சிலை எந்த மாநிலத்தின் கணக்கிலும் சேராது. அதை வைத்தது நாடாளுமன்றமே.