ஒரு முகமும் இரவல் குரல்களும்

நான்: சித்தப்பா, நீங்கள் சொன்ன 'பிளாக் சண்டே' திகில் படத்தை நேற்றிரவு பார்த்தேன். சூனியக்காரியாக வருபவரும் அந்தக் குடும்பத்தின் இளம்பெண்ணாக வருபவரும் ஒரே நடிகை என்பது பாதிப் படம் கடந்த பிறகுதான் எனக்குப் புரிந்தது. அவரைப் பற்றிக் கொஞ்சம் எழுதுங்களேன்.

சித்தப்பா: அவர் பார்பரா ஸ்டீல், அம்மா. 1937-இல் இங்கிலாந்தின் பர்க்கன்ஹெட்டில் பிறந்து, ஓவியம் பயின்று, பிறகு நடிக்க வந்தவர். 1960-இல் ஹாலிவுட்டில் பாடகர் எல்விஸ் பிரெஸ்லியின் 'ஃபிளேமிங் ஸ்டார்' படத்தில் நடிக்கத் தொடங்கி, பாதியிலேயே விலகினார். அதே 1960-இல் இத்தாலியில் மாரியோ பாவா இயக்கிய இந்தக் கறுப்பு வெள்ளைப் படம் வெளியானதும், அதுவரை பெரிதாக யாரும் கவனிக்காத அந்த முகம் இத்தாலியத் திகில் படங்களின் அடையாளமாகவே ஆகிவிட்டது. பிரிட்டனில் 1968 வரை இப்படத்தைத் திரையிட அனுமதிக்கவில்லை.

அத்தை: உள்ளே முள் வைத்த முகமூடியைச் சம்மட்டியால் முகத்தில் அறையும் காட்சியோடு நான் எழுந்து போய்விட்டேன், தம்பி. இதை எப்படிப் பிள்ளைகளுக்குப் பரிந்துரைக்கிறாய்?

சித்தப்பா: உங்கள் வருத்தம் நியாயம்தான், அக்கா. ஆனால் அதற்குப் பிறகுதான் அவருடைய நடிப்பே தொடங்குகிறது. இருநூறு ஆண்டுகள் கழித்து முகமூடி கழன்ற பின்னும் முள் பதிந்த துளைகள் முகமெங்கும் இருக்க, அந்தத் துளைகளோடேயே வெறுப்பையும் வசீகரத்தையும் ஒரே பார்வையில் அவர் காட்டுகிறார்.

அண்ணன்: அதில் பாதிப் பெருமை பாவாவுக்குச் சேர வேண்டும், சித்தப்பா. அடிப்படையில் அவர் ஒளிப்பதிவாளர். இந்தப் படத்துக்கும் கேமரா அவருடையதே. அப்படி ஒளி அமைத்தால் எந்த முகமும் பேசும்.

சித்தப்பா: ஒளியின் பங்கை நான் மறுக்கவில்லை. ஆனால் ரிக்கார்டோ ஃபிரேதாவின் 'டாக்டர் ஹிச்காக்' (1962), அந்தோனியோ மார்கெரித்தியின் 'தன்சா மக்காப்ரா' (1964), மாரியோ கயானோவின் 'நைட்மேர் காசில்' (1965) என்று இயக்குநர்கள் மாறிக்கொண்டே இருந்தபோதும் அந்த முகத்தின் வலிமை குறையவில்லையே. 'நைட்மேர் காசில்' படத்திலும் அவருக்கு இரட்டை வேடம்தான். புகழ்பெற்ற இத்தாலிய இயக்குநர் ஃபெலினியும் 1963-இல் 'எட்டரை' படத்துக்கு அவரை அழைத்தார்.

அத்தை: குரல் மட்டும் எனக்கு ஒட்டவே இல்லை. உதடு ஒரு பக்கம் போகிறது, பேச்சு வேறு பக்கம் போகிறது.

சித்தப்பா: சரியாகக் கவனித்தீர்கள், அக்கா. அக்காலத்து இத்தாலியப் படங்களில் வசனத்தைப் பெரும்பாலும் பிறகுதான் பதிவு செய்வார்கள். 'பிளாக் சண்டே' படத்தில் நாம் கேட்பது இரவல் குரல். அமெரிக்காவில் ரோஜர் கோர்மன் எடுத்த 'தி பிட் அண்ட் தி பெண்டுலம்' (1961) படத்தில், அவருடைய தாய்மொழியான ஆங்கிலத்தில் பேசியபோதும், வேறொருவர் குரலையே வைத்தார்கள். எனக்கு இது இன்றும் ஆறாத மனக்குறை. ஒரு நடிகையைப் புகழின் உச்சிக்கு ஏற்றிய படங்களிலேயே அவர் குரலைப் பறித்துவிட்டார்கள்.

நான்: பிறகு அவர் என்ன ஆனார், சித்தப்பா?

சித்தப்பா: 1970-களில் டேவிட் குரோனென்பர்க்கின் 'ஷிவர்ஸ்' போன்ற படங்களில் நடித்தார். பின்னர் தயாரிப்புப் பக்கம் போய், இரண்டாம் உலகப் போரைப் பற்றிய 'வார் அண்ட் ரிமெம்பரன்ஸ்' என்ற பெரும் தொலைக்காட்சித் தொடரின் தயாரிப்பாளர்களில் ஒருவராக, அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருதும் பெற்றார். இதை அவருடைய ரசிகர்களிலேயே பலர் அறிந்திருப்பதில்லை. சரி, நீ ஒன்று செய், அம்மா. கல்லறையில் அவர் கண்விழிக்கும் காட்சியை ஒலியை முழுவதுமாக நிறுத்திவிட்டு ஒருமுறை பார்.

நான்: இப்போதுதான் பார்த்தேன், சித்தப்பா. படுத்தபடியே மூச்சு ஏறி இறங்க மருத்துவரை அழைக்கிறாரே, அங்கே வசனம் தேவையே இல்லை. அத்தை, இந்த ஒரு காட்சியை மட்டும் நாளை நாம் இருவரும் சேர்ந்து பார்ப்போம், பகலிலேயே பார்க்கலாம்.

அத்தை: பகல் என்றால் வருகிறேன்.